மணலுக்கு ஒரு காற்று, சாலைக்கு ஒரு காற்று



வருகின்ற குளிர்கால விடுமுறையில் ஜெய்சல்மேருக்குச் சுற்றுலா செல்வதென்று நம் சங்கத்தின் செயற்குழு முடிவு செய்திருக்கிறது. மகிழ்ச்சி. கோட்டையைக் காணவும், மணல்மேடுகளில் உருளவும், ஒட்டகத்தின் மேல் அமர்ந்து படம் எடுத்துக்கொள்ளவும் ஆவல் கொண்டு பெயர் கொடுத்தவர்களின் பட்டியல் விடுதி அறிவிப்புப் பலகையில் நாள்தோறும் நீண்டு வருகிறது. என் பெயரும் அதில் இருக்கிறது. ஆனால் அந்தப் பட்டியலின் அடியில் ஒரு வரி சேர்க்கப்பட வேண்டும் என்பது என் கருத்து. மணலுக்காகக் காற்று இறக்கப்பட்ட வண்டி, மீண்டும் காற்று ஏற்றப்படாமல் தார்ச்சாலையில் ஓடக் கூடாது. இதுவே அவ்வரி.

“இதற்கு ஒரு கட்டுரையா? டயருக்குக் காற்று அடிப்பது ஓட்டுநர் வேலை; அதில் சங்கத்துக்கு என்ன வேலை?” என்று சிலர் நகைக்கக்கூடும். நானும் ஒரு காலத்தில் அப்படி நினைத்தவனே. அந்நினைப்பின் விலையை 2025 பிப்ரவரியில் என் கண்ணாலேயே கண்டேன். ஆகவே எழுதுகிறேன்.

நடந்தது இது.

நிலவியல் படிக்கும் நாங்கள் ஆறு மாணவர்கள், எங்கள் ஆசிரியர் ஒருவர், வாடகை வண்டியின் ஓட்டுநர், ஆக எட்டுப் பேர், களப்பயிற்சிக்காக ஜெய்சல்மேர் சென்றிருந்தோம். முதல் இரண்டு நாள் பாறைகளோடு கழிந்தன. ஏறத்தாழ 18 கோடி ஆண்டுகளுக்கு முன் நின்ற மரங்கள் கல்லாகிக் கிடக்கும் ஆக்கல் என்னும் இடத்தைப் பார்த்தோம். நம் இலக்கியத்துப் பாலை, முல்லையும் குறிஞ்சியும் வெயிலில் திரிந்த நிலம். கடல்போல் மணல் அலையடிக்கும் இந்தத் தார்ப் பாலையோ முற்றிலும் வேறு. அம்மணலைக் காண மூன்றாம் நாள் சம் மணல்மேடுகளுக்குச் சென்றோம். ஜெய்சல்மேர் நகரிலிருந்து மேற்கே சுமார் 40 கிலோமீட்டர்.

தார்ச்சாலை முடிந்து மணல் தொடங்கும் இடத்தில் ஓட்டுநர் வண்டியை நிறுத்தினார். ஐம்பது வயதிருக்கும் அவருக்கு. தலையில் வண்ணத் தலைப்பாகை, வாயில் அளந்த பேச்சு. இறங்கி ஒவ்வொரு டயராகக் குந்தி உட்கார்ந்து வால்வை அழுத்திக் காற்றை வெளியே விட்டார். கையில் அளவுமானி வைத்திருந்தார். 32-இல் இருந்ததை 16-க்குக் கொண்டுவந்தார். அதன் பின்னரே மணலில் இறக்கினார். காலை முழுதும் மேடும் பள்ளமுமாக அலைந்தோம். ஒரு முறைகூட வண்டி புதையவில்லை. பக்கத்தில் வந்த வேறொரு கூட்டத்தின் வண்டி, காற்று இறக்காமல் வந்தது, அச்சு வரை மணலில் அமிழ்ந்து கிடந்ததையும் பார்த்தோம். எங்கள் ஓட்டுநரே சென்று அதை இழுத்துவிட்டார்.

திரும்பும் நேரம் வந்தது. அன்று மாலை இரயிலுக்கு எங்களுக்குப் பயணச்சீட்டு இருந்தது. மாதிரி சேகரிப்பில் நேரம் போனதே தெரியவில்லை. தார்ச்சாலையை எட்டியதும் ஓட்டுநர் வண்டியை நிறுத்தி, பின்புறத்திலிருந்து காலால் மிதிக்கும் காற்றுப் பம்பை எடுத்தார்.

“சாப், அரைமணி நேரம் கொடுங்கள். காற்று ஏற்றிவிட்டுப் போவோம்” என்றார்.

ஆசிரியர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். “வழியில் பஞ்சர் கடை இருக்குமே, அங்கே இயந்திரத்தில் அடித்தால் ஐந்து நிமிடம். மெதுவாகப் போகலாம், புறப்படுங்கள்” என்றார்.

ஓட்டுநர் தயங்கினார். எங்களைப் பார்த்தார். நாங்கள் அறுவரும் விஞ்ஞான முதுநிலை மாணவர்கள். அழுத்தம், பரப்பு, வெப்பம் என்று ஆண்டுக்கணக்கில் கரும்பலகையில் கண்டவர்கள். ஒருவரும் வாய் திறக்கவில்லை. நானும் திறக்கவில்லை. இரயிலைத் தவறவிட யாருக்கு மனம் வரும்? ஓட்டுநர் பம்பை உள்ளே வைத்துவிட்டு ஏறினார்.

முதலில் மெதுவாகத்தான் போனோம். வழியிலிருந்த கடை பூட்டிக் கிடந்தது. நேரம் ஓடிற்று. “கொஞ்சம் வேகமாக” என்றார் ஆசிரியர். மணிக்கு 80 கிலோமீட்டரானது. சுமார் 25 கிலோமீட்டர் கடந்திருப்போம். துப்பாக்கி வெடித்தாற்போல் ஒரு சத்தம். இடப்பக்கப் பின்சக்கரம். வண்டி பாம்புபோல் நெளிந்து எதிர்ப்பக்கத்திற்குப் பாய்ந்தது. ஓட்டுநர் பிரேக்கை மிதிக்கவில்லை. சக்கரத்தை இறுகப் பிடித்து, வேகம் தணியத் தணியச் சாலையோரத்து மணலில் கொண்டுபோய் நிறுத்தினார். நாங்கள் இறங்கி மூச்சுவிடுவதற்குள், சற்று முன் நாங்கள் பாய்ந்த அதே பக்கத்தில் ஒரு லாரி எங்களைக் கடந்து போயிற்று. அரை நிமிடம் முந்தி வந்திருந்தால், இக்கட்டுரையை எழுத நான் இருந்திருக்கமாட்டேன்.

வகுப்புத் தோழி ஒருத்திக்கு மணிக்கட்டு முறிந்தது. மற்றவர்க்குச் சிராய்ப்பு. இரயில் போய்விட்டது. அரைமணி நேரத்தை மிச்சம் பிடித்த நாங்கள் ஓர் இரவு முழுவதையும் மருத்துவமனையிலும் நிலைய மேடையிலும் இழந்தோம்.

இதனினும் கொடுமை பின்னர் வந்தது. வண்டி உரிமையாளர் வந்தார். கிழிந்த டயரைப் பார்த்தார். எங்கள் எதிரிலேயே ஓட்டுநரை வைதார். டயரின் விலையைச் சம்பளத்தில் பிடிப்பதாகச் சொன்னார். ஓட்டுநர் தலை குனிந்து நின்றார். “நான் கேட்டேன், இவர்கள் தரவில்லை” என்று ஒரு சொல் சொல்லவில்லை. சொல்லவேண்டிய நாங்களும் சொல்லவில்லை. மறுநாள் ஆளுக்குக் கொஞ்சமாகப் பணம் திரட்டி அவரிடம் கொடுத்தோம். அது டயரின் விலைக்குச் சரியாயிற்று. அவர் பெற்ற வசைக்கு எதைக் கொடுப்பது?

நிற்க.

என் தந்தை நாமக்கல் லாரிகளில் இருபது ஆண்டு ஓட்டியவர். வண்டியை நிறுத்தும் இடமெல்லாம் இறங்கி, இரும்பு லீவரால் ஒவ்வொரு டயரையும் தட்டிப் பார்ப்பார். தட்டும் ஓசையிலேயே காற்றின் அளவை அறிந்துகொள்வார். சிறுவயதில் அதை ஒரு விளையாட்டென்று நினைத்திருந்தேன். நடந்ததை அன்றிரவு தொலைபேசியில் அவரிடம் சொன்னேன். அடி பட்டதா என்று முதலில் கேட்டார். இல்லை என்றதும் சற்று நேரம் பேசவில்லை. பிறகு கேட்டார்:

“ஏங்கண்ணு, காத்து பத்தலைன்னு உனக்குத் தெரியுமல்ல? தெரிஞ்சுமா வாயத் தொறக்காம உக்காந்திருந்தே?”

அந்தக் கேள்விக்கு இன்றுவரை என்னிடம் விடையில்லை. அந்த விடைக்குப் பதிலாகத்தான், அன்று வண்டிக்குள் நான் சொல்லியிருக்க வேண்டியதை இங்கே சொல்கிறேன்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்வோம். மணலில் காற்றை இறக்குவது தவறன்று; அறிவுடைமை. எங்கள் வண்டி, ஆட்களோடும் கற்களோடும் சேர்த்து ஏறத்தாழ 2400 கிலோ எனக் கொள்வோம். சக்கரம் ஒன்றுக்கு 600 கிலோ. ஒரு சதுர அங்குலத்திற்கு 32 பவுண்டு அழுத்தம் என்பது ஒரு சதுர சென்டிமீட்டருக்குச் சுமார் இரண்டேகால் கிலோ. டயரின் விறைப்பைக் கணக்கில் கொள்ளாவிட்டால், 600 கிலோவைத் தாங்க அது தரையைத் தொடவேண்டிய பரப்பு சுமார் 267 சதுர சென்டிமீட்டர். அதாவது இரண்டு அஞ்சலட்டைகளின் அளவு. அழுத்தத்தை 16-ஆகப் பாதியாக்கினால் பரப்பு இரட்டிப்பாகிறது, நான்கு அஞ்சலட்டைகள். ஒட்டகத்தின் அகன்ற பாதம் மணலில் புதையாததும், குதிரையின் குளம்பு புதைவதும் இதனாலேயே. டயர் நீளவாக்கில் படர்ந்து, மணலைக் கிழிக்காமல் அதன்மேல் மிதந்து செல்கிறது.

இவ்வுண்மையைப் பாலைவனத்தில் நன்கு பயன்படுத்தியவர்களுள் ஒருவர் ரால்ஃப் பேக்னால்ட் என்ற ஆங்கிலேயர். 1920-களிலும் 1930-களிலும் லிபியப் பாலைவனத்தில் சாதாரண ஃபோர்டு கார்களைக் கொண்டே, அதுவரை கார் போகாத இடங்களுக்கெல்லாம் போனவர். டயரின் காற்றைக் குறைப்பதும், புதைந்த சக்கரத்தின் கீழ் எஃகுத் தகடுகளை இடுவதும் அவர் கூட்டத்தாரின் வழக்கம். காற்றால் மணல் நகரும் விதத்தைப் பற்றி 1941-இல் அவர் வெளியிட்ட நூலை நிலவியல் மாணவர்கள் இன்றும் படிக்கிறோம். ஆகவே காற்றிறக்கும் கலை நேற்று முளைத்ததன்று, விஞ்ஞானிகளே கைக்கொண்டது.

அப்படியானால் குற்றம் எங்கே? மணலுக்கு நன்மை செய்த அதே அகலப் பரப்பு, தார்ச்சாலையில் நஞ்சாகிறது என்பதை மறப்பதில்தான் குற்றம்.

வண்டியின் பாரத்தைத் தாங்குவது ரப்பர் என்று நாம் எண்ணுகிறோம். இல்லை, தாங்குவது உள்ளே அடைபட்டிருக்கும் காற்று. ரப்பரும் அதனுள் பின்னிய இழைகளும் அக்காற்றை அடைத்து வைத்திருக்கும் பை. காற்றுக் குறைந்தால் பையே பாரத்தைச் சுமக்க வேண்டியதாகிறது. சக்கரம் சுழலுந்தோறும் டயரின் பக்கச்சுவர் தரையருகே வரும்போது மடிகிறது. மேலே போகும்போது நிமிர்கிறது. ரப்பர் மடிந்து நிமிரும்போது, மடிக்கச் செலவான ஆற்றல் முழுவதையும் திருப்பித் தருவதில்லை. ஒரு பகுதியை வெப்பமாக உள்ளேயே வைத்துக்கொள்கிறது. ஓர் இரும்புக் கம்பியை இங்கும் அங்குமாகப் பத்து முறை வளைத்துவிட்டு வளைத்த இடத்தைத் தொட்டுப் பாருங்கள், சுடும். அதே கதைதான்.

எத்தனை முறை மடிகிறது? எங்கள் சக்கரத்தின் விட்டம் சுமார் 70 சென்டிமீட்டர், சுற்றளவு 2.2 மீட்டர். மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்தில் வினாடிக்குப் பத்துச் சுற்று. மணலில் நடைவேகத்தில் ஊர்ந்தபோது வினாடிக்கு ஒரு சுற்றுகூடச் சுற்றவில்லை. வெப்பம் உண்டாவதும் மெதுவாக, ஆறுவதும் மெதுவாக. சாலையிலோ, 25 கிலோமீட்டரில் பதினோராயிரம் முறைக்கு மேல் அந்தச் சுவர் மடிந்து நிமிர்ந்திருக்கிறது. ரப்பர் வெப்பத்தை எளிதில் கடத்தாது. பிறந்த சூடு வெளியேற வழியின்றி உள்ளே சேர்கிறது. ரப்பருக்கும் இழைகளுக்கும் இடையேயுள்ள பிடிப்புத் தளர்கிறது. பிறகு ஒரு நொடி, ஒரு சத்தம். வெடித்த டயரை நான் கையில் எடுத்துப் பார்த்தேன். ஆணி இல்லை, கல் இல்லை. பக்கச்சுவர் முழுவட்டமாகக் கிழிந்து, உட்புறம் கருந்தூளாய் உதிர்ந்தது.

இங்கே ஒரு நண்பர் எழுந்து, “சாலையில் ஓடினால் டயர் சூடாகும், சூடானால் காற்று விரியும், அழுத்தம் தானே ஏறிவிடுமே! நாம் ஏன் அடிக்க வேண்டும்?” என்று வினவுவார். இதை எங்கள் வண்டியிலேயே ஒருவன் சொன்னான். விஞ்ஞான மாணவன்தான்! கணக்குப் போட்டுப் பார்ப்போம். அளவுமானி காட்டுவது வெளிக்காற்றுக்கு மேற்பட்ட அழுத்தம். வெளிக்காற்றின் 14.7-ஐயும் கூட்டினால்தான் உண்மை அழுத்தம். 16 என்று காட்டும் டயரில் உண்மையில் இருப்பது 30.7. வெப்பநிலை 27 டிகிரி செல்சியசிலிருந்து 57 டிகிரிக்கு ஏறினால், தனி வெப்பநிலை 300-இலிருந்து 330 ஆகிறது. பத்தில் ஒரு பங்கு ஏற்றம். உண்மை அழுத்தம் 33.8, மானி காட்டுவது 19. அவ்வளவுதான். சூட்டினாலேயே 32 ஆகவேண்டுமென்றால் டயருக்குள் 183 டிகிரி வேண்டும். ரப்பரைக் கந்தகத்தோடு சேர்த்து வேகவைத்து டயராக்கும் சூடே ஏறத்தாழ 150 டிகிரிதான். காற்று விரிந்து நம்மைக் காப்பதற்கு முன் டயர் தன்னைக் காத்துக்கொள்ள இயலாது போகும்.

இன்னொரு நம்பிக்கை நம் ஊரிலும் இங்கும் ஒருசேர உண்டு. “கோடையில் காற்றைக் குறைவாக வை, அதிகம் வைத்தால் வெடிக்கும்” என்பர். மேற்சொன்ன கணக்கையே 32-க்குப் போட்டால், 30 டிகிரி ஏற்றத்தில் அது 37-ஐ நெருங்கும். அந்த ஏற்றத்தை எதிர்பார்த்தே டயரைச் செய்கிறார்கள். குளிர்ந்த நிலையில் அளக்க வேண்டும் என்று சொல்வதும் அதனால்தான். கோடையில் டயருக்குப் பகை அதிகக் காற்றைவிடக் குறைந்த காற்றே. வெயில் தரும் சூட்டோடு, மடிப்பு தரும் சூட்டையும் சேர்த்து வாங்கிக்கொள்கிறோம்.

வெடிப்பது மட்டுமே ஆபத்தன்று. காற்றிறங்கிய சக்கரம் திருப்பத்தில் பக்கவாட்டில் சாய்ந்து குழைகிறது. ஸ்டியரிங்கைத் திருப்பினால் வண்டி சற்றுத் தாமதித்தே திரும்புகிறது. திடீரென வெட்டித் திருப்பினால் டயரின் விளிம்பு ரிம்மை விட்டே கழன்றுவிடக்கூடும். குறுக்கே ஓர் ஒட்டகம் வந்தால் போதும். அங்கே அது அன்றாட நிகழ்ச்சி.

இது பாலைவனத்தோடு நின்றுவிடும் செய்தியுமன்று. 2000-ஆம் ஆண்டை ஒட்டிய ஆண்டுகளில் அமெரிக்காவில், ஃபோர்டு எக்ஸ்ப்ளோரர் வண்டிகளில் பொருத்தப்பட்ட ஃபயர்ஸ்டோன் டயர்கள் நெடுஞ்சாலையில் உரிந்து, வண்டிகள் உருண்டன. இருநூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். இலட்சக்கணக்கான டயர்கள் திரும்பப் பெறப்பட்டன. டயரின் அமைப்பு, வண்டியின் அமைப்பு என்று பல காரணங்கள் பேசப்பட்டன. அவற்றுள் ஒன்று, வண்டிக்குச் சொல்லப்பட்ட காற்றழுத்தம் 26 மட்டுமே என்பது. டயர் உற்பத்தியாளரோ 30 வேண்டுமென்றார். நான்கு பவுண்டு வேறுபாட்டுக்கு ஒரு நாட்டின் சட்டசபை கூடி விவாதித்தது! 2000-ஆம் ஆண்டிலேயே சட்டம் பிறந்தது. அதன் பயனாக, காற்று நாலில் ஒரு பங்கு குறைந்தால் ஓட்டுநருக்கு விளக்கேற்றி எச்சரிக்கும் கருவி, 2007-க்குப் பின் அங்கு விற்கும் புதிய கார்களிலெல்லாம் கட்டாயமாயிற்று. நாங்கள் அன்று குறைவாய் ஓடியது நாலு பவுண்டன்று, பதினாறு பவுண்டு.

நம் நாட்டுக் கணக்கையும் சிறிது பாருங்கள். 2022-ஆம் ஆண்டில் இந்தியச் சாலைகளில் இறந்தவர் 1,68,491 பேர் என்கிறது மத்திய அரசின் அறிக்கை. அத்தனையும் டயரால் அல்ல. மிகைவேகமே முதற்காரணம் என்று அவ்வறிக்கை சொல்கிறது. ஆனால் குறைந்த காற்றும் மிகைவேகமும் உடன்பிறந்தவை. இரண்டுக்கும் தாய் ஒருத்தியே. அவள் பெயர் அவசரம்.

இரண்டாம் உலகப்போரில் அமெரிக்கர்கள் நீரிலும் நிலத்திலும் ஓடும் ஆறு சக்கர வண்டி ஒன்றைச் செய்தனர். டி.யு.கே.டபிள்யூ. என்று பெயர். கடலிலிருந்து கரையேறும்போது கடற்கரை மணலுக்கு மெத்தென்ற டயர் வேண்டும். அடுத்த சில நிமிடத்தில் சாலைக்கு இறுகிய டயர் வேண்டும். ஓட்டுநர் இருக்கையில் இருந்தபடியே காற்றை இறக்கவும் ஏற்றவும் அதில் வழி செய்திருந்தனர். குண்டு பொழியும் கரையில் இறங்கி நின்று பம்பு மிதிக்க முடியாது என்பதால் செய்த ஏற்பாடு. போர்க்களத்தில்கூட ‘காற்றேற்றாமலே போகலாம்’ என்று அவர்கள் முடிவு செய்யவில்லை என்பதைக் கவனியுங்கள். ஏற்றியே ஆகவேண்டும், அதை எளிதாக்குவது எப்படி என்றுதான் சிந்தித்தனர். நமக்கோ குண்டுமழை இல்லை. மாலை இரயில் மட்டுமே.

சரி, அந்த அரைமணி நேரம் உண்மையில் எவ்வளவு? இதையும் கணக்கிட்டேன். எங்கள் டயர் ஒன்றின் கொள்ளளவு சுமார் 50 லிட்டர். 16-இலிருந்து 32-க்கு ஏற்ற, வெளிக்காற்றில் ஏறத்தாழ 55 லிட்டர் உள்ளே போகவேண்டும். ஒரு மிதிக்குக் கால் லிட்டர் என்றால் 220 மிதி. நிமிடத்திற்கு நாற்பது மிதி வைத்தால் ஐந்தரை நிமிடம். நான்கு டயருக்கு 22 நிமிடம். குழாயில் கசிவு, கால் மாற்றும் நேரம் எல்லாம் சேர்த்தால் ஓட்டுநர் கேட்ட அதே அரைமணி. அவர் கணக்கு என் கணக்கோடு அப்படியே ஒத்துப்போகிறது! அவர் பள்ளியில் எத்தனை வகுப்பு படித்தாரோ, நானறியேன். நாங்கள் ஆறு பேர் இறங்கி முறைவைத்து மிதித்திருந்தால் ஆளுக்கு நூற்றைம்பது மிதிக்கும் குறைவு. விடுதி மைதானத்தில் ஒரு சுற்று ஓடும் உழைப்பு. அதைச் செய்ய எங்களுக்குக் கால் இருந்தது, மனம் இல்லை.

ஆகவே, சங்கத்தின் செயற்குழுவிற்கு என் வேண்டுகோள்களை முன்வைக்கிறேன்.

முதலாவது: வண்டி பேசும்போதே, பம்பும் அளவுமானியும் உண்டா என்று கேட்கவேண்டும். வண்டியின் மின்கலத்தில் இயங்கும் சிறு காற்றேற்றி சில ஆயிரம் ரூபாய்க்குக் கிடைக்கிறது. சங்கமே ஒன்று வாங்கி வைத்துக்கொள்ளலாம். ஒலிபெருக்கி வாடகைக்குக் கொடுப்பதைவிட இது பெரிய செலவன்று.

இரண்டாவது: பயணத் திட்டத்தில் ‘தேநீர்’, ‘படம் எடுத்தல்’ என்று நேரம் ஒதுக்குவதுபோல், ‘காற்றேற்றல் – 30 நிமிடம்’ என்று எழுதிவிடவேண்டும். எழுதிய நேரத்தை யாரும் திருடுவதில்லை. எழுதாத நேரத்தை எல்லாரும் திருடுகிறோம்.

மூன்றாவது: எந்த அளவுக்கு ஏற்றுவது என்பதில் குழப்பம் கூடாது. ஓட்டுநர் பக்கத்துக் கதவோரத்தில் ஒட்டியிருக்கும் அட்டையில் உள்ள எண்ணே சரி. பாரம் நிறைந்த வண்டிக்கு அதிலேயே தனி எண் இருக்கும். டயரின் சுவரில் பொறித்திருப்பது அது தாங்கும் மேல் எல்லை. மறுநாள் காலை, டயர் குளிர்ந்திருக்கையில் மீண்டும் ஒரு முறை அளந்து சரிசெய்ய வேண்டும். ஏற்றும்போதே சுவரில் வெட்டோ வீக்கமோ உண்டா என்று பார்த்து, வால்வில் மணல் புகாமல் மூடியையும் திருகிவிட வேண்டும்.

நான்காவது: பம்பு பழுதாகி, வேறு வழியே இல்லையென்றால், மணிக்கு 30 கிலோமீட்டருக்கு மேற்படாமல், அவ்வப்போது நிறுத்தி டயரைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு, அருகிலுள்ள கடைவரை மட்டும் போகலாம். ‘மெதுவாகப் போகலாம்’ என்று தொடங்கி ‘கொஞ்சம் வேகமாக’ என்று முடிப்பவர்களை முன்னிருக்கையில் உட்காரவைக்கக் கூடாது.

ஐந்தாவது, எல்லாவற்றிலும் முதன்மையானது: வண்டியைப் பற்றிய வரையில் ஓட்டுநர் சொல்லே முடிவான சொல். அவர் நில் என்றால் நிற்கவேண்டும். பேராசிரியராயினும் சங்கத் தலைவராயினும் மறுக்கக் கூடாது. மறுத்து ஏதேனும் நேர்ந்தால், பழியும் செலவும் மறுத்தவரைச் சாரும் என்று எழுதி வைக்கவேண்டும்.

இந்த ஐந்தாவது விதியைச் சிலர் ஏற்கத் தயங்குவர். “ஓட்டுநர்கள் எல்லாரும் அவ்வளவு பொறுப்புள்ளவர்களா? சோம்பலால் காற்றேற்றாமல் விடுபவரும் உண்டே!” என்பர். உண்டு, மறுக்கவில்லை. அத்தகையவரிடம் நாமே இறங்கி நின்று, “ஐயா, காற்றை ஏற்றுங்கள், நாங்களும் மிதிக்கிறோம்” என்று சொல்வோம். விதியின் நோக்கம் ஒருவரை உயர்த்தி ஒருவரைத் தாழ்த்துவதன்று. பாதுகாப்பைக் கேட்கும் குரல் எந்த வாயிலிருந்து வந்தாலும் அது வெல்லவேண்டும் என்பதே.

தோழர்களே! ஊரைவிட்டு ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் கடந்து வந்திருக்கிறோம். நம்மை நம்பி அனுப்பிய பெற்றோர், நம் தேர்வு மதிப்பெண்ணை மட்டும் எதிர்பார்த்திருக்கவில்லை. நாம் முழுதாய்த் திரும்பி வருவதையும் எதிர்பார்த்திருக்கிறார்கள். நம்மை ஏற்றிச் செல்லும் ஓட்டுநருக்கும் ஒரு வீடு உண்டு. அங்கும் காத்திருப்பவர் உண்டு. கற்ற கல்வி கரும்பலகையோடு நின்றுவிட்டால், லீவரால் டயரைத் தட்டிப் பார்க்கும் என் தந்தையின் காதுக்கு அது ஈடாகாது.

டிசம்பரில் நாம் சம் மணல்மேடுகளிலிருந்து இறங்கி வருவோம். தார்ச்சாலை தொடங்கும் இடத்தில் வண்டி நிற்கும். அப்போது பம்பின் முதல் நூறு மிதி என்னுடையது. அடுத்த நூறுக்கு யார் வருகிறீர்கள்? பட்டியலில் உங்கள் பெயருக்கு எதிரே ஒரு குறி இட்டுவையுங்கள்.